பதினொரு பாராட்டுக் கடிதங்கள்

கடிதம் எழுத உட்கார்ந்தால் முதலில் தாளின் இடப்பக்கம் இரண்டு விரற்கடை மடித்து ஓரம் விட்டுக்கொள்வேன். திருக்கனூரில் எட்டாவது படித்தபோது தமிழ் வாத்தியார் பழக்கிவிட்டது. பிறகு இடம், நாள், அதன் கீழே 'பொருள்' என்று ஒரு வரி. ஐம்பத்தொன்பது வயதாகிறது, அந்த ஒழுங்கை நான் மீறியதில்லை. பெயர் போடாமல் எழுதிய கடிதங்களிலும் மீறவில்லை. கிளப்பில் மனப்பயிற்சி வகுப்பெடுக்கிற லினெட் மேடம் என்னைக் கண்டுபிடித்தது அதை வைத்துத்தான். கிளப் பலகையில் நான் ஒட்டிய அறிவிப்பையும் அந்தக் கடிதங்களையும் அருகருகே வைத்துப் பார்த்தாராம். உளவியலில் மேல்படிப்பு படித்தவருக்குத் தாளின் மடிப்பைப் படிக்கத் தெரிந்திருக்கிறது. எதிரே உட்கார்ந்திருந்த ஆளைப் படிக்க ஆறு மாதம் முடியவில்லை.

கிளப் தலைவர் என்ற முறையில் நீங்கள் எழுத்தில் விளக்கம் கேட்டிருக்கிறீர்கள், ஜோசப் ஆனந்த் சார். தருகிறேன். இது கமிட்டியைத் தாண்டி வெளியேயும் போகலாம் என்பதால் ஆட்டத்தைப் பற்றி இரண்டு வரி சொல்லிவிடுகிறேன். பெத்தாங்க், பிரெஞ்சுக்காரன் விட்டுப்போன ஆட்டம். மண் தரையில் ஒரு சின்ன மரக்குண்டை எறிந்துவிட்டு, யாருடைய இரும்புக் குண்டு அதற்குப் பக்கத்தில் போய் நிற்கிறது என்று பார்ப்பது. எதிராளியின் குண்டு நெருங்கி நின்றால் அதை அடித்துத் தள்ள அணிக்கு ஒருவன் இருப்பான். இருபத்திரண்டு வருஷம் நம் கிளப்பில் அந்த ஒருவன் நான்.

பிறகு காத்தவராயன் வந்தான். பாகூர்ப் பக்கம் நெல் போடுகிற குடும்பம். அவனுக்கு நெல்லித்தோப்பு மரவாடியில் ரம்பத்தில் மரம் தள்ளுகிற வேலை. எட்டு மீட்டர் தூரத்திலிருந்து பத்துக்கு ஒன்பது அடித்தான். தேசியப் போட்டிக்குத் தேர்வானால் விளையாட்டு ஒதுக்கீட்டில் அரசு வேலைக்கு மனுப் போடலாம், ரம்பத்தை விட்டுவிடலாம் என்று பார்க்கிறவர்களிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தான். ஆசைப்படுவதற்கு ஆள் ஒன்றும் படித்திருக்க வேண்டியதில்லையே.

பிப்ரவரி பதினான்கு, வெள்ளிக்கிழமை, மாலை ஐந்து இருபதுக்கு நீங்கள் என் தோளில் கை போட்டீர்கள். "ஜானகி சார், இனிமே நீங்க ஸ்கோர் எழுதுங்க. உங்க கையெழுத்து முத்து முத்தா இருக்கு" என்றீர்கள். ஜானகிராமன் ஆகிய எனக்கு அதில் எந்த வருத்தமும் இல்லை என்பதை இங்கேயே பதிவு செய்கிறேன்.

அந்த வாரம்தான் லினெட் மேடத்தின் ஞாயிற்றுக்கிழமை வகுப்பு தொடங்கியது. மனநலம், உச்சத் திறன் என்று பலகையில் எழுதினார். கண்ணை மூடிக் கடலை நினைத்துக்கொள்ளச் சொன்னார். கடல் நடந்து போகிற தூரத்தில் இருக்கிறது. கண்ணைத் திறந்துகொண்டே பார்த்திருக்கலாம். எல்லாரும் மாடு அசைபோடுகிற மாதிரி மூச்சு விட்டுக்கொண்டிருந்தார்கள். ஆனால் அவர் ஒரே ஒரு உருப்படியான விஷயம் சொன்னார்.

"காத்து, குண்டை விடும்போது கையைப் பத்தி யோசிக்கிறியா?"

"இல்ல மேடம். எங்க போய் வுழணும்னு மட்டும்தான் பாப்பேன்."

"அப்படியே இரு. கை தானா செய்யறதைக் கவனிக்க ஆரம்பிச்சா, கைக்கு அது மறந்துடும்."

அன்று வகுப்பில் குறிப்பெடுத்தவன் நான் ஒருவன்தான்.

முதல் கடிதம் மார்ச் மூன்று. நகல் என் கோப்பில் இருக்கிறது. 'பொருள்: தங்கள் சுண்டுவிரல் குறித்து.' அவன் ஆட்டத்தின் ரசிகன் என்று தொடங்கி, குண்டை விடும்போது மற்ற விரல்களைவிட அவனுடைய சுண்டுவிரல் ஒரு கணம் தாமதித்துத் திறக்கிறது, அவன் வெற்றியின் ரகசியம் அதுவே, தயவுசெய்து அதைக் காப்பாற்றிக்கொள்ளவும் என்று முடித்தேன். அதில் பொய் ஒரு எழுத்து கிடையாது. இரண்டு வாரத்துக்கு ஒன்று, ஒவ்வொன்றும் வேறு வேறு தபால் பெட்டியில். ஒன்றைப் போட கனகசெட்டிக்குளம் வரை பஸ்ஸில் போனேன். கிளப் முகவரிக்குத்தான் எழுதினேன். தபாலைப் பிரித்துக் கொடுப்பதும் ஸ்கோர் எழுதுகிறவன் வேலை என்பதால் அவன் கையில் நானே கொடுத்தேன்.

நம் தேவதாஸ் அதைப் பிடுங்கிப் படித்துவிட்டுச் சிரித்தான். "இன்னாடா, லவ் லெட்டரா? மூஞ்சியப் பாத்து எவளும் மயங்கலன்னு சுண்டுவிரலுக்கு ஆளு வந்திருக்கா?"

காத்தவராயனும் சிரித்தான். நான்காவது கடிதத்துக்குப் பிறகு சிரிப்பு நின்றது. ஆறாவதுக்குப் பிறகு என் மேஜைக்கு வந்து உட்கார்ந்தான்.

"சார், யாரோ நல்லாத்தான் எழுதறாங்க. ஆனா படிச்சதுல இருந்து இந்த வெரலு என்னுதாவே இல்ல சார். சோறு பெசையும்போதுகூட அதையே பாக்கறேன்."

"பாராட்டுனா வாங்கிக்கணும்ப்பா. இதுல பயப்பட என்னா இருக்கு?" என்றேன்.

"மேடத்துகிட்ட காட்டட்டுமா?"

"அவங்களுக்கு ஏன் சிரமம்? மூச்ச எண்ணச் சொல்லுவாங்க. அத நீயே எண்ணிக்கோ."

மேடம் தானாகவே அவனிடம் ஏதோ மாற்றம் என்று பார்த்தார். தூங்கச் சொன்னார், தண்ணீர் குடிக்கச் சொன்னார். அதற்கு எதற்குப் பட்டம்?

ஜூலையில் தேர்வு நடந்தது. பத்தில் இரண்டு அடித்தான். குண்டை வைத்துக்கொண்டு சிலை மாதிரி நின்றதும், கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்ததும் உங்களுக்கு நினைவிருக்கும். அவனுடைய அம்மா கமலா, வேலிக்கு வெளியே நின்று, "போடுடா, போடு" என்றாள். ஆறு அடித்த என்னை அணியில் சேர்த்தீர்கள். அதுவரை பத்துக் கடிதங்கள்.

அத்தோடு நிறுத்தியிருக்கலாமே என்பீர்கள். நியாயமான கேள்வி. ஆனால் என் சுபாவம் வேறு. நல்லதைக் கண்டால் சொல்லாமல் இருக்க எனக்கு வராது.

ஆகஸ்டில் புத்தக அலமாரிக்குப் பலகை வாங்க அந்த மரவாடிக்குப் போனேன். காத்தவராயன் ரம்பத்தின் முன்னால் நின்றிருந்தான். முகத்தில் பழைய தெளிவு. எங்கேயோ பார்த்துக்கொண்டு, எதையோ முணுமுணுத்துப் பாடிக்கொண்டு மரத்தைத் தள்ளினான். ரம்பத்துக்கு இரண்டு விரற்கடை இருக்கும்போது வலது கட்டைவிரல் தானாகவே உள்ளே மடங்கிக்கொண்டது. அரைமணி நேரம் நின்று பார்த்தேன். ஒரு தடவைகூடத் தவறவில்லை. கிளப்பில் அவன் அடித்த எந்தக் குண்டையும்விட அது அழகு.

வீட்டுக்கு வந்து தாளை மடித்தேன். 'பொருள்: தங்கள் வலது கட்டைவிரல் குறித்து.'

திங்கட்கிழமை கடிதத்தைக் கொடுத்தேன். புதன்கிழமை காலை அவனைக் கோரிமேட்டு ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு போனார்கள். கட்டைவிரலும் சுட்டுவிரலும் போயின. கூட வேலை செய்த அன்பழகன், "ரெண்டு நாளா கையையே பாத்துக்குனு மரம் தள்ளினான் சார், பாத்து தள்ளுடான்னு நான்கூடச் சொன்னேன், அப்பவும் கையத்தான் பாத்தான்" என்று என்னிடம் அழுதான். சட்டைப் பையிலிருந்த கடிதத்தையும் வீட்டில் அவன் சேர்த்துவைத்திருந்த பழையவற்றையும் அம்மாக்காரி மேடத்திடம் கொடுத்திருக்கிறாள். மீதி உங்களுக்குத் தெரியும்.

இப்படி நடக்கும் என்று தெரிந்தே எழுதினீர்களா என்று மேடம் கேட்டார். கேட்கும்போது அவருடைய மூச்சு ஒழுங்கில் இல்லை என்பதைக் கவனித்தேன். தெரியும் என்றேன். சொல்லிக்கொடுத்ததே அவர்தானே. படித்ததைச் செய்து பார்க்காதவர்கள் வகுப்பெடுக்கிறார்கள். நான் செய்து பார்த்தேன். மற்றபடி காத்தவராயன் மீது எனக்குக் கோபமோ பொறாமையோ எந்தக் காலத்திலும் இருந்ததில்லை.

இருந்திருந்தால் நேற்று ஒரு டஜன் சாத்துக்குடி வாங்கிக்கொண்டு அவனைப் பார்க்கப் போயிருப்பேனா? கடிதம் யாருடையது என்று அவனிடம் இன்னும் யாரும் சொல்லவில்லை போலிருக்கிறது. எழுந்து உட்கார்ந்தான். "பரவால்ல சார். இடது கை இருக்குதில்ல, பழகிக்கறேன்" என்றான். ஒரு சாத்துக்குடியை இடது கையில் எடுத்து, உள்ளங்கை கீழே பார்க்கப் பிடித்து, கட்டில் கால்மாட்டில் அம்மா நீட்டிய கிண்ணத்துக்குள் போட்டான். நேராகப் போய் விழுந்தது. இன்னொன்றையும் போட்டான், அதுவும் விழுந்தது. கமலா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள்.

அவன் கிண்ணத்தை மட்டும்தான் பார்த்துக்கொண்டிருந்தான். விடும்போது நடுவிரல் மட்டும் கொஞ்சம் முந்தித் திறக்கிறது. அவனுக்கே அது தெரியாது. இந்த விளக்கத்தை முடித்ததும் எழுத இன்னொரு தாளுக்கு ஓரம் மடித்து வைத்திருக்கிறேன். இந்தத் தடவை பெயரும் போடுகிறேன், சார். பாராட்டுவதில் மறைக்க என்ன இருக்கிறது?