திரை கட்டின கார்

நல்லரெத்தினம்: முதுகு, ஸைனுலாப்தீன் காக்கா. கல்முனையில இருந்து சம்மாந்துறைச் சந்தை மட்டும் கமராவுக்குள்ளால நான் கண்டதெல்லாம் முதுகுதான்.

ஸைனுலாப்தீன்: ஒரு தேத்தண்ணி குடிச்சிட்டு வாறதுக்குள்ள என்ன ஐயா கோவம்…

நல்லரெத்தினம்: காரும் சனமும் எண்டு படம் எடுக்கத்தான் என்னைக் கொழும்பில இருந்து அனுப்பினவங்கள். கார் போகக்குள்ள சனம் எப்பிடிப் பாக்குது எண்டு காட்டோணும். இங்க ஆம்பிளையள் எல்லாரும் திரும்பி வேலியப் பாக்கிறாங்கள்.

ஸைனுலாப்தீன்: கண்ணாடிக்குத் திரை கட்டி இருந்தா உள்ளுக்குப் பொம்புளையள் எண்டுதானே. மரியாதைக்கு முகத்தத் திருப்புவாங்க.

நல்லரெத்தினம்: அப்ப ஏன் கட்டினீங்க?

ஸைனுலாப்தீன்: கமராவக் கண்டா சனம் கூடிரும், ஒளிக்க இடம் வேணும் எண்டு நீங்கதான்…

நல்லரெத்தினம்: இடம் கேட்டது நான். திரை உங்கட யோசனை.

ஸைனுலாப்தீன்: சரி, சரி… ஒரு முகம் கூடக் கிடைக்கல்லயா?

நல்லரெத்தினம்: ஒண்டு. இப்பதான், நீங்க கடைக்குள்ள போன பொறகு. வெள்ளைத் தாடி, இடுப்பில பச்சை வார். நேரா கார்ப் பக்கம் வந்தார்.

ஸைனுலாப்தீன்: பச்சை வாரா… ஒரு கால இழுத்து நடப்பாரா?

நல்லரெத்தினம்: ஓம். தெரிஞ்ச ஆளா?

ஸைனுலாப்தீன்: என்ட மாமா, காலிதீன். இந்தக் காரு கலியாணத்துக்கு அவர் தந்தது. ஹயருக்கு ஓட்டினா சாவிய வாங்கிருவன் எண்டு சொல்லித்தான் தந்தவர். மருமகன் கூலிக்கு ஓடுறது அவருக்கு வெக்கமாம்.

நல்லரெத்தினம்: ஓ… அப்ப திரை எனக்காக இல்ல.

ஸைனுலாப்தீன்: என்ட பொஞ்சாதி றாஹிலா உள்ள இருக்கா எண்டு ஊர் நினைக்கட்டும் எண்டுதான்… அவர் என்ன சொன்னவர்?

நல்லரெத்தினம்: “மகள்” எண்டு கூப்பிட்டார். நான் மூச்சு விடல்ல. மறுகா திரைக்குக் கீழால மஸ்கற் இனிப்புப் பொட்டலம் ஒண்ட நீட்டினார்.

ஸைனுலாப்தீன்: நீங்க வாங்கல்லதானே?

நல்லரெத்தினம்: பெரிய மனிசன் நீட்டக்குள்ள வாங்காம… கைய நீட்டி வாங்கினன்.

ஸைனுலாப்தீன்: இந்தக் கையவா? கரடிக்கும் இவ்வளவு முடி இல்லையே, ஐயா.

நல்லரெத்தினம்: மணிக்கூடும் கட்டி இருந்தன்.

ஸைனுலாப்தீன்: முடிஞ்சிது. சாவி போச்சி.

நல்லரெத்தினம்: காக்கா… அந்தா அவர் திரும்பி வாறார்.

ஸைனுலாப்தீன்: அஸ்ஸலாமு அலைக்கும், மாமா…

காலிதீன்: வஅலைக்குமுஸ்ஸலாம். உள்ளுக்கு ஆரு, மருமகன்?

ஸைனுலாப்தீன்: கொழும்பில இருந்து வந்த ஐயா ஒராள், மாமா. படம் எடுக்கிறவர். ஹயர்தான்… ஒளிச்சி என்ன செய்ய. இந்தாங்க சாவி.

காலிதீன்: வெச்சிக்கங்க. தம்பி, மஸ்கற் நல்லா இரிக்கா?

நல்லரெத்தினம்: இன்னும் பிரிக்கல்ல, ஐயா.

ஸைனுலாப்தீன்: கோவம் இல்லையா, மாமா?

காலிதீன்: றாஹிலா விடிய சுபஹில இருந்து எங்கட ஊட்டுலதான் நெல் அவிச்சிக்கிட்டு இரிக்கா. அப்ப இந்தத் திரைக்குள்ள வேற ஆரு பொம்புளை எண்டு பாக்கத்தான் நான் மஸ்கற் வாங்கினது. தம்பிட முடிக் கையக் கண்ட பொறகுதான் எனக்கு மூச்சு வந்திச்சி. ஹயர்தானே… ஓடுங்க.