தொலைக்காட்சியில் இறந்த அக்கா

தேநீர் நன்றாக இருக்கிறது, ஐயா. ஸ்டுடியோவில் தருவதைவிட எவ்வளவோ மேல். அங்கே கோப்பை விளிம்பில் யாருடைய உதட்டுச் சாயமாவது ஒட்டிக்கொண்டிருக்கும்.

நான் நடிகை இல்லை. ஒருநாளும் வேஷம் கட்டியதில்லை. சமையல் நிகழ்ச்சி, விளையாட்டு நிகழ்ச்சி, மனம்விட்டுப் பேசும் நிகழ்ச்சி, எதுவானாலும் நான் நானாகவே வருவேன். வரவேண்டிய பெரிய ஆள் கழுத்தறுத்துவிட்டால் என்னைக் கூப்பிடுவார்கள். முதல் தடவை தொகுப்பாளர், "உங்க வாழ்க்கையில பெரிய சோகம் எதும்மா?" என்றார். கைவசம் ஒன்றும் இல்லை. "எங்கக்கா செத்துட்டா" என்றேன். கண்ணீர் தானாகக் கொட்டியது. மற்றவர்கள் கிளிசரின் தடவிக்கொண்டு மூக்கைச் சிந்துவார்கள், பார்த்தாலே குமட்டும். அதன்பிறகு அக்காவுக்காகவே என்னை அழைத்தார்கள்.

அக்கா வெளியூரில் குத்துக்கல்லாட்டம் இருந்தாள். போன மாதம் வீட்டுக்கே வந்துவிட்டாள். நான் படப்பிடிப்புக்குக் கிளம்பிக்கொண்டிருந்தேன். என் கட்டிலில் உட்கார்ந்து பிஸ்கட்டைத் தேநீரில் நனைத்து உறிஞ்சினாள். அந்தச் சத்தம் சின்ன வயதிலிருந்தே எனக்கு ஆகாது.

"ஏன்டி, சாகடிச்சதுதான் சாகடிச்ச, ஒரு நல்ல போட்டோவா காட்டக் கூடாதா? பூசணிக்கா மாதிரி இருக்கேன்."

"இப்ப எதுக்குக்கா வந்த?"

"'சித்தி ஏம்மா உன்னச் செத்துட்டன்னு சொல்றாங்க'ன்னு என் பொண்ணு கேக்குறாடி. இன்னைக்கு உன்கூட வந்து உக்காரப் போறேன். நாலு பேர் என்னப் பாக்கட்டும்."

நாங்கள் கடைக்காரர் வீட்டுப் பிள்ளைகள். காட்டிய சரக்கு ஒன்று, கட்டிக் கொடுத்தது வேறு என்றால் அப்பா முகத்தில் விழிக்க முடியாது. நான் ஊருக்கெல்லாம் காட்டியது இறந்த அக்காவை. கடைசி நேரத்தில் மாற்றிக் கொடுப்பது நியாயமா?

அவளுக்கு மூச்சிழுப்பு உண்டு. முடிக்கு அடிக்கும் ஸ்ப்ரே ஆகவே ஆகாது. ஜன்னலைச் சாத்தினேன். கொண்டை கலையாமலிருக்கத் தாராளமாக அடித்தேன், டப்பா தீரும்வரை. அவள் பையில் கைவிட்டு இன்ஹேலரைத் துழாவினாள். அது என் கையில் இருந்தது. வாய் வைக்கும் இடத்தில் ஊறிய பிஸ்கட் ஒட்டியிருந்தது. அருவருப்பாக இருந்தது, குளியலறைக்குப் போய்க் கழுவினேன். சோப்புப் போட்டு, நிதானமாக. திரும்பி வந்தபோது கட்டிலில் சத்தம் இல்லை.

அன்றைக்கும் அக்காவைப் பற்றிக் கேட்டார்கள். செத்துவிட்டாள் என்றேன். கண்ணீர் வரவில்லை, ஐயா. இடைவேளையில் ஒப்பனைக்காரரிடம் கிளிசரின் கேட்டு வாங்கித் தடவிக்கொண்டேன்.

பார்க்கிற ஜனங்களை நான் ஏமாற்றியது அந்த ஒரு தடவைதான். அதையும் வாக்குமூலத்தில் எழுதிக்கொள்ளுங்கள்.