அழுகைக் காட்சிக்கான ஒத்திகை

வெளியே கூட்டம் நிற்கிறதே என்று கோபப்படாதீர்கள், இன்ஸ்பெக்டர் ஐயா. சங்கரன்கோவிலில் நான் எங்கே உட்கார்ந்தாலும் நாலு பேர் கூடிவிடுவார்கள். புளியங்குடி பஸ்ஸில் ஏறினால் கண்டக்டரே எனக்கு ஜன்னலோரம் இடம் பிடித்துத் தருவார். ஆனால் பக்கத்தில் எந்தப் பெண்ணும் உட்கார மாட்டாள். எழுபத்தொன்றிலிருந்து சினிமாவில் பெண்களை அடிப்பவன் நான். கதாநாயகனின் அக்காளை, தங்கையை, சில படங்களில் தாயை. வெள்ளத்துரை கை ஓங்கினால் தியேட்டரே பதறும் என்பார்கள்.

படப்பிடிப்பில் அடி கன்னத்தில் விழாது. கை காற்றில்தான் போகும். அடி வாங்குகிறவள் தலையைத் திருப்பிக்கொள்வாள். அதனால் அடிப்பவன் முகத்தில் கனம் வராது. அந்தக் கனத்தை நான் வீட்டிலிருந்து கொண்டுபோனேன். ஒவ்வொரு படத்துக்கும் மெட்ராஸ் ரயில் ஏறுமுன் என் மனைவி ஆறுமுகத்தாயை வைத்து ஒத்திகை பார்ப்பேன். முதல் படத்துக்கு உதடு கிழிந்தது. ஜமீன்தார் வேஷத்துக்கு ஒரு பல். சாட்டைக் காட்சி வந்தபோது வீட்டில் சாட்டை இல்லை, மாட்டுக் கயிறுதான் இருந்தது. அவள் கத்துவாள். கத்தினால்தானே எனக்குப் பிடி கிடைக்கும். அதைக் கொடுமை என்று நான் நினைத்ததில்லை. என் தொழிலில் அவளுக்கும் பங்கு இருந்தது.

பக்கத்து வீட்டில் கடையநல்லூர்க்காரி மீரா பீவி. முதல் தடவை பயந்து ஓடி வந்தாள். நான் வசனத்தைப் பேசிக் காட்டினேன். பிறகு பழகிவிட்டது. சுவருக்கு அந்தப் பக்கமிருந்தே, "அண்ணாச்சி, இது எந்தப் படத்துக்கு?" என்று கேட்பாள். தறிச் சத்தம் மாதிரி தெருவுக்கே அது பழகிப்போனது.

எண்பத்தாறு பிறந்ததும் டெலிவிஷன் நாடகத்தில் ஒரு வேஷம் வந்தது. மனைவி செத்துக் கிடக்க, பக்கத்தில் உட்கார்ந்து அழுகிறவன். எனக்குக் கிடைத்த முதல் நல்லவன். ஆனால் டைரக்டர் சௌந்தரபாண்டியன் கிளிசரின் கூடாது என்றுவிட்டார்.

"டிவியில முகம் கிட்டத்துல தெரியும் சார். திங்கட்கிழமை கண்ணீர் வரலேன்னா வேற ஆளப் போட்டுருவேன்."

நேற்று மத்தியானம் சாப்பிட்ட பிறகு ஆறுமுகத்தாயைப் பாயில் படுக்கச் சொன்னேன். அடி இல்லாத ஒத்திகை என்றதும் அவளுக்குச் சந்தோஷம். "ஒங்களுக்கு அழக்கூட வருமாக்கும்?" என்று சிரித்துவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டாள். பக்கத்தில் உட்கார்ந்து அவள் பெயரைச் சொல்லிப் பார்த்தேன். கண் காய்ந்தே கிடந்தது. காரணம் எனக்குத் தெரிந்தது. அவள் மூச்சு விட்டுக்கொண்டிருந்தாள்.

கழுத்தில்தான் கை வைத்தேன். சினிமாவில் செய்த காட்சிதான். ஆனால் நிஜத்தில் கழுத்து அவ்வளவு சீக்கிரம் விட்டுக்கொடுப்பதில்லை. என் மணிக்கட்டைக் கடித்தாள், காலால் தண்ணீர்ப் பானையை உடைத்தாள். ஒரு தடவை பிடி நழுவியபோது, "மீரா பீவிக்கா, என்னையக் கொல்லுதாவ, ஓடியாங்க" என்று அலறினாள். சுவருக்கு அப்பால் மீரா பீவி சிரித்தாள்.

"ஏட்டி ஆறுமுகத்தாயி, எம் பேரையும் வசனத்துல சேத்துட்டாவளா? இது எந்தப் படம் அண்ணாச்சி?"

"டிவி நாடகம்மா," என்றேன். மரியாதையாகத்தான் சொன்னேன். பிறகு ஆறுமுகத்தாயின் தலையைத் தரையில் மோதினேன், அடங்கும்வரை.

உட்கார்ந்து காத்திருந்தேன். கண்ணீர் வரவில்லை. அதனால் மீரா பீவியை நானே கூப்பிட்டேன். அவள் வந்து பார்த்து, கதவைப் பிடித்துக்கொண்டு நின்றாள். அப்புறம் உட்கார்ந்து, ஆறுமுகத்தாயின் பாதங்களை முந்தானையால் துடைத்துத் துடைத்து, "சிரிச்சேனே அல்லாவே, பாவி நான் சிரிச்சேனே" என்று அழுதாள். பாதத்தைத் துடைப்பது எந்த நடிகனுக்கும் தோன்றாது. அதை அப்படியே மனசில் வாங்கிக்கொண்டேன்.

ஆமாம் ஐயா, நான்தான் கொன்றேன். எழுதிக்கொள்ளுங்கள், கையெழுத்துப் போடுகிறேன். ஒரே ஒரு உதவி செய்யுங்கள். திங்கட்கிழமை விலங்கு மாட்டியே என்னை மெட்ராஸுக்குக் கூட்டிப்போங்கள். இப்போது எனக்கு அழத் தெரியும். அந்தக் காட்சி முடிந்ததும் வந்துவிடுகிறேன். ஆறுமுகத்தாய் இருந்தால் அவளும் இதைத்தான் கேட்பாள். என் தொழிலுக்கு அவள் ஒருநாளும் குறுக்கே நின்றதில்லை.