அவள் கட்டிய வெள்ளை

சென்ட்ரலிலிருந்து ஆவடி போகும் சாயங்கால ரயிலில், எதிர்ப் பலகையில் இருந்தவர் பக்கத்திலிருந்த மனைவியிடம் மெதுவாகக் கேட்டார்:

“குத்துக்கல்லாட்டம் நான் கீறேன். நீ இன்னாத்துக்கு வெள்ளை கட்டினே?”

“மலையாளப் பேசும்படம்யா. அவங்க ஊர்ல கல்யாணப் பொண்ணே வெள்ளைதான் கட்டுமாம். கூட்டத்துல நிக்கிற எங்களையும் அப்படியே கட்டிக்கச் சொன்னாங்க.”

“சொன்னா கட்டிக்குவியா?”

“மனசு கேக்கலை. அவங்க குடுத்த துணிய வாணாம்னுட்டு, ஊட்லேர்ந்து உன் கல்யாண வேட்டிய எடுத்துகினு போயி கட்டிகினேன். உன்னுதுன்னா உனக்கு ஒண்ணும் ஆவாதுன்னு.”

அம்பத்தூர் வந்து வண்டி நின்றது. அவள் தோளில் விழுந்திருந்த கரித்தூளைத் தட்டிவிட்டார்.

“எனக்குக் காட்டவேயில்லியே,” என்றார். “எடுப்பா இருந்துச்சா?”