மண்ணெண்ணெய் டின்னில் சுட்ட டார்ட்

மயிலம்மாள்: ஒரு கட்டி வெண்ணெயும் போடணுமா? முழுசுமா?

அர்ச்சுனன்: பாதி போடு. மாவுல போட்டு விரல் நுனியால தேய்... ஐயோ, பிசையாத புள்ள! சப்பாத்தி மாவா அது?

மயிலம்மாள்: பின்ன எப்படித்தான் செய்யறதாம்? தொரை பங்களா குசினியில பன்னெண்டு வருசமா சமைக்கிறது நீங்க. எனக்குத் தெரிஞ்சது ரப்பர் மரமும் பால் வாளியும்தான்.

அர்ச்சுனன்: ரவை மாதிரி உதிரியா வரணும். கைச்சூடு ஏறுனா வெண்ணெ உருகிப்போயிடும். வேகமா...

மயிலம்மாள்: ரொட்டியில வெங்காயத்தக் கொட்டித் திங்கற தொரைசாணிய இன்னிக்குத்தான் கேள்விப்படறேன்.

அர்ச்சுனன்: அது பேரு டார்ட்டு. மாவத் தட்டுல பரப்பி, வதக்குன வெங்காயத்தப் போட்டு, முட்டையும் பாலும் அடிச்சு ஊத்திச் சுடணும். இனிப்பு கெடையாது, உப்புப் பண்டம்.

மயிலம்மாள்: அத பங்களா அடுப்புலயே சுட வேண்டியதுதானே?

அர்ச்சுனன்: முந்தாநாளே பொகக்குழாய் அடைச்சுக்கிச்சுன்னு சொன்னேன்ல? சிரம்பான்லேருந்து கொத்தனாரு வரணும். வீட்டுல சுட்டுக் கொண்டாறேன்னு காலையில சொல்லி அனுப்புனேன். தொரைசாணி சாமானெல்லாம் குடுத்து அனுப்பிட்டாங்க.

மயிலம்மாள்: இந்த மண்ணெண்ண டின்னுலயா?

அர்ச்சுனன்: அடியில மணல், மேல தகர மூடியில கொட்டாங்குச்சி நெருப்பு. போன தீவாளிக்குக் கேக்கு சுடலயா நாம?

மயிலம்மாள்: அன்னிக்கு ரெண்டு கையாலயும் நீங்கதான் சுட்டீங்க. இன்னிக்கு ஒரு கை துண்டவிட்டு வெளிய வர மாட்டேங்குது.

அர்ச்சுனன்: சொன்னேனே... நேத்து பங்களாவுல கறி வெட்டறப்போ கத்தி பட்டுருச்சு.

மயிலம்மாள்: காட்டுங்க.

அர்ச்சுனன்: வெங்காயத்த அரி மொதல்ல. மெல்லிசா.

மயிலம்மாள்: காட்டுங்கன்றேன்.

அர்ச்சுனன்: பன்னெண்டரைக்குச் சாப்பாடு, மயிலு. தொரையோட அந்தப் போலீஸ் ஆபீசரும் உக்காரப்போறான். நேத்து ராத்திரி பங்களாவுலதான் தங்குனான். லேட்டாச்சுன்னா...

மயிலம்மாள்: நீங்க விடிகாலையில வந்து படுத்தப்பவே பாத்துட்டேன். தூங்கற மாதிரி கெடந்தேன். கத்தி வெட்டுன்னா கோடா இருக்கும். இது உள்ளங்கையோரம் வாய்க்காலாட்டம் தோண்டியிருக்கு. சுத்தி தோல் கருகியிருக்கு.

அர்ச்சுனன்: துண்ட இழுக்காத, விடு.

மயிலம்மாள்: ராத்திரி கம்பி வேலிகிட்ட சுட்டாங்களே... அங்க இருந்தீங்களா?

அர்ச்சுனன்: மெதுவா பேசு. இந்த லயத்து வீடுங்களுக்கு நடுவுல வெறும் பலகைதான். அந்தப் பக்கம் காது இருக்கு.

மயிலம்மாள்: எதுக்குப் போனீங்க?

அர்ச்சுனன்: வெங்காயத்த அரி.

மயிலம்மாள்: இன்னிக்கு யாரையும் பால் வெட்ட அனுப்பல. எல்லாரையும் லயத்துலயே நிறுத்தி வெச்சிருக்காங்க. ஏன்னு தெரியுமா? ... அந்தப் பக்கம்... காட்டுப் பக்கம்... யாராச்சும் செத்தாங்களா?

அர்ச்சுனன்: அத ஏன் நீ கேக்கற?

மயிலம்மாள்: சும்மா கேட்டேன்.

அர்ச்சுனன்: சும்மாவா?

மயிலம்மாள்: சும்மாதான்லா! ... யாரோ வர்றாங்க. பூட்ஸ் சத்தம்.

வீரமுத்து: அண்ணே! அர்ச்சுனண்ணே! உள்ள இருக்கீங்களா? நான்தான், வீரமுத்து.

மயிலம்மாள்: ஸ்பெசல் போலீஸ்காரன்... கைக்கட்ட அவுத்துடுங்க. சீக்கிரம். துணிய அடுப்புல போடுங்க.

அர்ச்சுனன்: அவுத்தா ரத்தம்...

மயிலம்மாள்: மாவுக்குள்ள விடுங்க கைய. ரெண்டு கையும். பிசைங்க!

அர்ச்சுனன்: அம்மா... உப்புப் போட்டிருக்கியா இதுல?

மயிலம்மாள்: பல்லக் கடிச்சுக்குங்க. ... வா தம்பி வீரமுத்து. தாப்பா போடல, தள்ளு.

வீரமுத்து: மன்னிச்சுக்குங்க அண்ணி. ஆபீசர் உத்தரவு. லயத்துல இருக்கற அத்தன ஆம்பளையும் கையக் காட்டணும்.

மயிலம்மாள்: கையயா? எதுக்குப்பா?

வீரமுத்து: ராத்திரி பழைய கக்கூசுக்குப் பின்னால, வேலியோரமா எங்கள படுக்க வெச்சாங்க. காட்டுல ஒளிஞ்சிருக்கற கம்யூனிஸ்டுக்காரனுக்கு யாரோ சோறு வெக்கறாங்கன்னு துப்பு. ரெண்டு மணி வாக்குல ஒரு உருவம் தெரிஞ்சுது. பக்கத்துல படுத்திருந்தவன் சுட்டுட்டான். விடிஞ்சு பாத்தா கம்பியில ரத்தம்.

மயிலம்மாள்: காட்டுக்காரன் ரத்தமா?

வீரமுத்து: கம்பிக்கு உள்பக்கம் அண்ணி. லயத்துப் பக்கம்.

மயிலம்மாள்: அப்ப வெளிய... யாரும் விழலயா?

வீரமுத்து: பொணம் ஒன்னும் கெடைக்கல. ... இவ்வளோ மாவு ஏதுண்ணே? அவசரகாலச் சட்டத்துல ஒரு படி மாவு கூடுதலா இருந்தாலே, காட்டுக்குப் போவுதுன்னு உள்ள தள்ளிடுவான் தெரியும்ல?

அர்ச்சுனன்: சீட்டு இருக்கு. அலமாரி மேல. தொரை கையெழுத்துப் போட்டது.

வீரமுத்து: ம்... மாவு, வெண்ணெ ஒரு கட்டி, முட்ட ஆறு, வெங்காயம்... சரிதான். கையக் காட்டுங்கண்ணே.

அர்ச்சுனன்: தெரியுதே. மாவாத்தான் இருக்கு.

வீரமுத்து: கழுவிட்டுக் காட்டுங்க.

மயிலம்மாள்: கழுவவா? ஏம்ப்பா, இது வெண்ணெ மாவு. நடுவுல நிறுத்துனா இறுகிப்போயிடும். அப்பறம் சீட்டுல எழுதுன மாவுக்குக் கணக்கு யாரு சொல்றது?

வீரமுத்து: ஒரு நிமிசந்தானே அண்ணி.

மயிலம்மாள்: சரி, கழுவட்டும். ஆனா நீ பங்களாவுக்குப் போயி, ஆபீசருக்கு வெச்ச பண்டத்த நான்தான் பாழாக்குனேன்னு சொல்லிட்டு வந்துடு. அவருதான் இத திங்கப்போறாரு.

வீரமுத்து: ஆபீசருக்கா?

அர்ச்சுனன்: ஆமாப்பா. பன்னெண்டரைக்கு.

வீரமுத்து: ... மாவு என்னாண்ணே, ஒரு பக்கமா செவந்து கெடக்குது?

அர்ச்சுனன்: அது...

மயிலம்மாள்: மொளகாத்தூளு.

வீரமுத்து: வெள்ளக்காரனுக்கு மொளகாத்தூளா?

மயிலம்மாள்: காரம் கேட்டாராம். என்னா தம்பி அப்படிப் பாக்கற?

வீரமுத்து: ஒன்னுமில்ல. ராத்திரி சுடறதுக்கு மின்ன ஒரு கொரல் கேட்டுச்சு. தமிழ்க் கொரலு. யாரு கொரலுன்னு எங்க எல்லாரையும் நிக்க வெச்சுக் கேட்டாங்க.

அர்ச்சுனன்: நீ என்னா சொன்ன?

வீரமுத்து: காதுல தண்ணி அடைச்சிருந்துச்சு, சரியா கேக்கலன்னு சொன்னேன். ... உங்க தம்பி தங்கராஜும் நானும் ஒரே நெரையில பால் வெட்டுனவங்க அண்ணி. யூனியன் ஆளுங்கள புடிக்க ஆரம்பிச்சப்போ அவன் காட்டுக்குப் போனான், நான் இந்தத் தொப்பிய மாட்டிக்கிட்டேன். வீட்டுல அஞ்சு வயிறு.

மயிலம்மாள்: அவன் பேச்ச இங்க எடுக்காத தம்பி. நாலு வருசமாச்சு. அவன தலமுழுகியாச்சு.

வீரமுத்து: சரி. மாவு இன்னும் மிச்சம் இருக்கா?

மயிலம்மாள்: பாதி இருக்கு. ஏன்?

வீரமுத்து: இத எங்கயாச்சும் பொதைச்சுட்டு, வேற மாவு பிசைங்க. நீங்க பிசைங்க அண்ணி. இதுல... தூசி விழுந்திருக்கு.

அர்ச்சுனன்: வீரமுத்து...

வீரமுத்து: பேசாதீங்கண்ணே. எட்டாம் நம்பர் வீடு, கை பாத்தாச்சு. அப்படித்தான் எழுதப்போறேன். ஆனா மத்தியானம் தோட்டத்து ஆஸ்பத்திரி டிரஸரையும் கூட்டிக்கிட்டு ஆபீசரே ஒரு சுத்து வருவாராம். அவருகிட்ட மாவக் காட்ட முடியாது. நான் வர்றேன்.

மயிலம்மாள்: ... போயிட்டான். கைய எடுங்க. ஐயோ, எவ்வளோ ரத்தம்... இந்தாங்க, இத சுத்துங்க.

அர்ச்சுனன்: மிச்ச மாவ எடு. பாதிதான் இருக்கு, மெல்லிசா பரத்தணும். முட்ட நாலு போதும்.

மயிலம்மாள்: அவன் சொன்னது காதுல விழுந்துச்சா இல்லயா? ஆபீசரே வர்றானாம்! நீங்க டார்ட்டுப் பேச்சு பேசறீங்க!

அர்ச்சுனன்: அதனாலதான் பேசறேன். வெண்ணெயத் தேய். விரல் நுனியால... ஆங், இப்ப சரி. ரெண்டே கரண்டி தண்ணி. உருட்டு.

மயிலம்மாள்: உருட்டியாச்சு.

அர்ச்சுனன்: போத்தல வெச்சுத் தேச்சு, தட்டுல விரி. ஓரத்த அழுத்திவிடு. முள்ளுக்கரண்டியால குத்து, இல்லன்னா உப்பிக்கும். டின்னுல வெச்சு வெறும் மாவா கொஞ்சம் வேகட்டும்.

மயிலம்மாள்: வெங்காயம்?

அர்ச்சுனன்: வெண்ணெயில போடு. சின்ன நெருப்பு. கருகக் கூடாது, தேன் நெறத்துக்கு வரணும். அதுக்கு நேரம் புடிக்கும்.

மயிலம்மாள்: நேரம் இருக்குல்ல? அப்ப பதில் சொல்லுங்க. எதுக்கு வேலிகிட்ட போனீங்க?

அர்ச்சுனன்: கிண்டிக்கிட்டே இரு.

மயிலம்மாள்: கிண்டிக்கிட்டுத்தான் இருக்கேன்! காச்சல்னு படுத்திருந்தா இந்தப் பண்டமே வேண்டாமே. ஒத்தக் கைய வெச்சுக்கிட்டு எதுக்கு இத இழுத்துப் போட்டுக்கிட்டீங்க?

அர்ச்சுனன்: காச்சல்னு எத்தன நாளு படுக்கறது? குசினிக்காரன் கைய எத்தன நாளு மறைக்க முடியும்? ... செவந்துருச்சு, எறக்கு. தட்டுல பரப்பு. முட்ட, பாலு, உப்பு, மொளகு... ஊத்து. மெதுவா. இப்ப மூடிய வெச்சு மேல நெருப்பக் கொட்டு.

மயிலம்மாள்: கொட்டியாச்சு.

அர்ச்சுனன்: இன்னும் போடு. மூடி நல்லா காயணும்.

மயிலம்மாள்: மேல தீஞ்சுடாதா?

அர்ச்சுனன்: தீயாது. போடு.

மயிலம்மாள்: ... என்னாங்க, மூடியவே பாத்துக்கிட்டு இருக்கீங்க? ஒரு மாதிரியா இருக்கு உங்க மூஞ்சி.

அர்ச்சுனன்: வாசம் வருது பாரு. அரை மணி ஆயிருக்கும். நெருப்பத் தள்ளிட்டு, இடுக்கியால மூடியத் தூக்கிக் கீழ வை.

மயிலம்மாள்: அடியாத்தே... நல்லா வந்திருக்கு. ஓரமெல்லாம் பொன்னாட்டம்...

அர்ச்சுனன்: தட்ட எடுத்து மேச மேல வை. அத பங்களாவுக்கு நீதான் கொண்டு போவணும். ஆறுறதுக்குள்ள.

மயிலம்மாள்: நானா? அப்ப நீங்க?

அர்ச்சுனன்: டிரஸர்கிட்ட போயிடுவேன். சமைக்கிறவன் அடுப்புல கையச் சுட்டுக்கிட்டா யாரும் ஏன்னு கேக்க மாட்டாங்க.

மயிலம்மாள்: எங்க சுட்டுக்கிட்டீங்க? ... ஐயோ. மூடி... அதுக்குத்தான் வீட்டுல சுடறேன்னு சொல்லி அனுப்புனீங்களா?

அர்ச்சுனன்: இந்த மூடியில கைய வெச்சா அந்தக் குண்டுக் காயம் தெரியாது. வேற வழி இல்ல புள்ள.

மயிலம்மாள்: விட மாட்டேன். நகருங்க!

அர்ச்சுனன்: ஆபீசர் வந்து பாத்தான்னா என்னைய மட்டுமா கொண்டு போவான்? உன்னையும்தான்.

மயிலம்மாள்: அந்த ஆபீசரு உங்க ஆளுதானே?

அர்ச்சுனன்: என்னா?

மயிலம்மாள்: உங்க கையாலதான் சாப்புடறான். நேத்து ராத்திரி முச்சூடும் நீங்க அங்க இருந்தீங்க. வேலிகிட்ட ஆளு வரும்னு நீங்கதான் சொல்லிக் குடுத்தீங்களா? எடத்தக் காட்டக் கூட போனீங்களா? இருட்டுல உங்க மேலயே பட்டுருச்சா? அந்தக் கொரலு உங்க கொரலுதானே?

அர்ச்சுனன்: என் கொரலுதான்.

மயிலம்மாள்: பாவி...

அர்ச்சுனன்: நான் கத்த மாட்டேன். நீ கத்தணும். அடுத்த லயத்துக்குக் கேக்கறாப்புல.

மயிலம்மாள்: வேணாங்க... வேணாம், சொன்னா கேளுங்க... ஐயோ!

அர்ச்சுனன்: ம்ம்ம்... ம்ம்...

மயிலம்மாள்: கைய எடுங்க! போதும், எடுங்க! ... யாராச்சும் ஓடியாங்களேன்! எம் புருசன் கை சுட்டுப்போச்சு! வீரமுத்து! கை வெந்துபோச்சு, ஓடியா தம்பி!

வீரமுத்து: இதோ வர்றேன் அண்ணி! ஏய், டிரஸரக் கூப்புடுங்க! அர்ச்சுனண்ணன் அடுப்புல கைய வெச்சுட்டாராம்!

மயிலம்மாள்: வர்றாங்க... அவங்க உள்ள வர்றதுக்குள்ள சொல்லிடுங்க. உங்க கையப் பாத்து அழுவறதா, உங்க மூஞ்சியில துப்பறதான்னு எனக்குத் தெரியல. அந்த வேலிகிட்ட உங்களுக்கு என்னா வேல?

அர்ச்சுனன்: நீ வெச்ச அரிசிப் பொட்டலத்த எடுக்கத்தான் போனேன் மயிலு. ஆறு மாசமா நீ வெக்கறது எனக்குத் தெரியும். நேத்து பரிமாறறப்போ அந்த ஆபீசரு ராத்திரிக்கு ஆளு படுக்க வெக்கறதப் பேசுனான். உங்கிட்ட சொல்லியிருந்தா நீயே வேலிக்கு ஓடியிருப்ப. எடுத்துட்டுத் திரும்பறேன்... கம்பிக்கு அந்தப் பக்கம் தங்கராஜு நிக்கறான். ‘ஓடுடா’ன்னு கத்துனேன். அந்தக் கொரல் வந்த பக்கமாத்தான் சுட்டாங்க. அவன் ஓடிட்டான் புள்ள... அவன் மேல ஒன்னும் படல.