எதிர்த்தரப்பின் நேர்த்தி

மூதூரிலிருந்து திருகோணமலைக்குப் போகும் காலை பஸ். எனக்கு முன் இருக்கையில் தலை நரைத்த சேவயர் ஒருவரும், கறுப்புக் கோட்டை மடியில் மடித்து வைத்திருந்த இளம் சட்டத்தரணி ஒருவரும். சந்தைக் காணியை அளந்த கட்டணம் கேட்டு, சேவயர் பிரதேச சபைமேல் வழக்குப் போட்டிருக்கிறார். சபைக்காக வாதாடுகிறவர் பக்கத்தில் இருந்த இந்தச் சட்டத்தரணியேதான். ஆனால் அவர் சொன்னது இது:

“அண்ணை, வழக்கில நீங்கள் வெல்லோணும் எண்டு பிள்ளையாருக்கு நேர்ந்திருக்கிறன். நூற்றியெட்டுத் தேங்காய்.”

“என்ன தம்பி கதைக்கிறீர்? நீர் சபையின்ர ஆள் எல்லோ?”

“ஓம். எனக்கும் அவையள் மூண்டு வருஷமா ஒண்டும் தரேல்லை. உங்களுக்குத் தீர்ப்பு வந்தால், அதைக் காட்டி நானும் வழக்குப் போடலாம்.”

“அப்ப ஏன் போன தவணை, நான் காணிக்குள்ள கால் வைக்கவேயில்லை எண்டு கத்தினீர்? நான் அடிச்ச கட்டையிலதானே வேலி போட்டிருக்கினம்!”

“சபைத் தவிசாளர் கோட்டில பின் வாங்கில இருந்து பார்த்துக்கொண்டிருந்தவர் அண்ணை. கத்தாமல் இருக்க ஏலாது.”

“இண்டைக்கும் வருவாரோ?”

“வருவார். கத்துவன். மனசில வைச்சிருக்காதேங்கோ.”

கிண்ணியாப் பாலத்தில் கண்டக்டர் எங்கள் பக்கம் வந்து சேர்ந்தார். சேவயர் இரண்டு பேருக்கும் டிக்கெட் எடுத்தார். சட்டத்தரணி தடுக்கவில்லை.

“இதையும் வழக்குச் செலவில சேர்த்துக் கேளுங்கோ அண்ணை. நான் மறுக்கமாட்டன்.”