"இதரன்னா என்ன?"

மேடையில் அமர்ந்திருக்கும் அறங்காவலர் குழுத் தலைவர் அவர்களே, நம் கோயில் வழக்கை நடத்தும் வழக்கறிஞர் அம்மா அவர்களே, மறைந்த தணிக்கையாளர் சாரின் துணைவியாரும் நான் அண்ணி என்று கூப்பிடுபவருமான அம்மையார் அவர்களே, பக்தர்களே! உங்கள் எல்லாருக்கும் வணக்கம். நான் இந்தக் கோயில் அறங்காவலர்களில் ஒருவன், ஜவுளிக்கடைக்காரன். எனக்கு அளந்து கிழிக்கத்தான் தெரியும், மேடையில் பேசத் தெரியாது. ஆனாலும் இன்று நான்தான் பேசுவேன் என்று சண்டை போட்டு மைக்கை வாங்கியிருக்கிறேன்.

நம் கோயில் கணக்கைச் சரிபார்க்க நீதிமன்றம் அனுப்பிய தணிக்கையாளர், நாமெல்லாம் முதுகுக்குப் பின்னால் "இதர சார்" என்று கூப்பிட்ட பெருமகனார், மறைந்து பதினோரு நாளாகிறது. ஏன் அந்தப் பெயர்? நம் கணக்குப் புத்தகத்தில் பாதிக்கு மேல் "இதர செலவு" என்றுதானே எழுதியிருந்தோம்! ஒவ்வொன்றின் மேலும் விரலை வைத்து அவர் கேட்பார்: "இதரன்னா என்ன?"

முதல் நாள் எனக்கு வந்த கோபம் கொஞ்சமா நஞ்சமா? "நாங்க என்ன திருடங்களா?" என்று கத்திவிட்டேன். அவர் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே, "நீங்க திருடலன்னு எழுதத்தான் சார் வந்திருக்கேன். எழுத விடுங்க" என்றார்.

மெத்தை வைத்த நாற்காலி போட்டோம். பீரோ ஓரத்தில் கிடந்த பிளாஸ்டிக் நாற்காலியில் போய் உட்கார்ந்தார். டீ வாங்கி வைத்தோம். "இது எந்தக் கணக்குல வரும்?" என்றார். மறுநாளிலிருந்து வீட்டு பிளாஸ்க்தான். எண்ணெய் டின்களை ஒவ்வொன்றாகத் தட்டிப் பார்த்தார். கோயில் கடைக்கு என் மச்சான் கொடுத்துவந்த வாடகையைச் சொன்னால் சிரிப்பீர்கள். சார் அறிக்கை கொடுத்தார், நீதிபதி வாடகையை உயர்த்தினார், மச்சான் ஒரு வருடம் என்னோடு பேசவில்லை. அந்த ஒரு வருட நிம்மதிக்கும் நான் சாருக்குக் கடமைப்பட்டவன்! ஒழுகிக்கொண்டிருந்த மண்டபக் கூரை அந்த வாடகையில்தான் சரியானது.

மூன்று வருடத்தில் எல்லா "இதர"வுக்கும் விளக்கம் கிடைத்தது. ஒன்றே ஒன்று பாக்கி. நாலாயிரத்து இருநூறு. கீழே என் கையெழுத்து. வியாழக்கிழமை தவறாமல் வந்து கேட்பார். "ஞாபகம் இல்ல சார்" என்பேன். "வரட்டும், மெதுவா வரட்டும்" என்று பிளாஸ்கிலிருந்து எனக்கும் அரை டம்ளர் ஊற்றுவார். அந்த ஒரு விளக்கத்துக்காக நீதிமன்றத்தில் இரண்டு தடவை அவகாசம் கேட்டார். "விளக்கம் தரவில்லை" என்று ஒரு வரி எழுதிவிட்டுப் போயிருக்கலாமே! ஏன் எழுதவில்லை?

போன வியாழக்கிழமை அந்த நாற்காலிக்கு எதிரே உட்கார்ந்திருந்தேன். கேட்க ஆளில்லை. அவர் கேட்டால் போதும் என்று மனசு அடித்துக்கொண்டது. மூன்று வருடம் அந்தக் கேள்விக்குப் பயந்தவன் நான்!

நேற்று அண்ணி அவருடைய நோட்டை என்னிடம் கொடுத்தார்கள். அந்தத் தொகைக்கு எதிரே பென்சிலில் இரண்டே சொல்: "அவரே சொல்வார்."

சொல்கிறேன். வாசல் கல்லில் அறங்காவலர் பெயர்களைப் பொறித்தபோது என் இனிஷியல் விட்டுப்போயிற்று. ஆத்திரத்தில் கல்லையே மாற்றிப் புதிதாகப் பொறிக்கச் சொன்னேன். கோயில் பணத்தில். வெட்கப்பட்டுக்கொண்டு "இதர" என்று எழுதினேன்.

இன்று காலை அந்தப் பணத்தைக் கட்டி ரசீது வாங்கிவிட்டேன். வழக்கறிஞர் அம்மா, விளக்கத்தை எழுதிக் கையெழுத்துப் போட்டிருக்கிறேன். அடுத்த விசாரணையில் தாக்கல் செய்யுங்கள். என் பதவி போனால் போகட்டும். இனி நம் கணக்கில் அந்தச் சொல் இருக்காது. யார் அறங்காவலராக வந்தாலும், வியாழக்கிழமைதோறும் அந்தப் பிளாஸ்டிக் நாற்காலியில் உங்களில் ஒருவர் உட்கார்ந்து கேள்வி கேட்க வேண்டும். கேட்பீர்களா? கேட்போம் என்று அவருக்குக் கேட்கும்படி சொல்லுங்கள்!

சார், எனக்கு ஞாபகம் வந்துடுச்சு. ஒரே ஒரு தடவை கேளுங்க சார், இதரன்னா என்னன்னு.

என் பேரு சார். என் பேருதான்.